மர்க்கட நியாயமும் நம் மலைக் குரங்குகளும்

வேதாந்த பாடம் கேட்கத் தொடங்கும் மாணவனுக்கு ஆசிரியர் முதலிற் சொல்லிவைக்கும் உலகியல் நியாயங்களுள் இரண்டு, நம் ஸம்ப்ரதாயத்தார் அனைவரும் அறிந்தவை. ஒன்று மர்க்கட கிசோர நியாயம்; மற்றொன்று மார்ஜார கிசோர நியாயம். மர்க்கடமாவது குரங்கு, மார்ஜாரமாவது பூனை, கிசோரமாவது குட்டி. குரங்கின் குட்டி தாயின் வயிற்றைத் தானே பற்றிக்கொண்டு தொங்குகிறது. தாய் மரத்துக்கு மரம் தாவுகையில் பிடியை விடாதிருப்பது குட்டியின் பொறுப்பு. பூனையின் குட்டியோ யாதொன்றும் செய்வதில்லை. தாயே அதன் பிடரியை வாயாற் கவ்வி வேண்டிய இடத்துக்குக் கொண்டு செல்கிறது. ஜீவன் பகவானைச் சென்று பற்றவேண்டுமா, பகவானே வந்து ஜீவனைக் கைக்கொள்வானா என்னும் வினாவுக்கு வடகலையார் முன்னதையும் தென்கலையார் பின்னதையும் த்ருஷ்டாந்தமாகக் காட்டுவர்.

இவ்வினா நம் மதுரைச் சீமைக்குப் புதியதன்று. தென்னாசார்ய ஸம்ப்ரதாயத்தின் தூண்களுள் ஒருவரான பிள்ளை லோகாசார்யர், 1323ஆம் ஆண்டுப் படையெடுப்பின்போது நம்பெருமாளைத் திருவரங்கத்தினின்றும் எழுந்தருளப் பண்ணிக்கொண்டு தெற்கு நோக்கி வந்து, யானைமலைச் சாரலில் ஜ்யோதிஷ்குடி என்னும் ஊரில் பரமபதித்தார் என்பது குருபரம்பரைச் செய்தி. இன்று கொடிக்குளம் என வழங்குவது அவ்வூர். பின்னர் நம்பெருமாள் திருமாலிருஞ்சோலையிலும் சிலகாலம் எழுந்தருளியிருந்தார். பூனை நியாயம் வழங்கும் மரபின் ஆசார்யர், குரங்குகள் நிறைந்த அழகர்மலைக்கு இத்தனை அருகில் திருநாடு அலங்கரித்தார் என்பதை நினைக்கும்போது அடியேனுக்குச் சிறிது வியப்பு உண்டாகும்.

இனி, அந்த வாதத்தில் எது ஸித்தாந்தம் என்று நிர்ணயிப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. உத்ஸவ மலரில் கலைவாதம் கூடாது. அர்ச்சகனுக்கு அது எங்கும் கூடாது. அடியேன் கேட்க விரும்புவது வேறொன்று. த்ருஷ்டாந்தமாக எடுத்துக்கொண்ட பிராணியை நாம் நின்று பார்த்ததுண்டா? உபமேயத்தை ஆராயப் பல நூல்கள் எழுந்தன. உபமானமோ நம் கோயில் மதிலின்மேல் அமர்ந்திருந்தும் அதனைக் கூர்ந்து நோக்கினோர் சிலரே.

அழகர்கோயிலில் பெருமாளை ஸேவித்துவிட்டு நூபுர கங்கைக்கு மலையேறும் வழியில் ஒரு நாழிகை நின்று பார்ப்பார்க்கு இந்நியாயம் முழுவதும் கண்கூடாக விளங்கும். மந்தி கருவுற்று ஏறக்குறைய ஐந்தரை மாதம் சுமந்து ஒரு குட்டி ஈனும். பெரும்பாலும் மாசி தொடங்கிச் சித்திரை வரையிலும் ஈற்றுக்காலம். ஆகையால் அழகர் மதுரைக்கு எழுந்தருளும் நாட்களில் மலையிலுள்ள மந்திகளிற் பலவற்றின் வயிற்றில் குட்டி ஒட்டியிருக்கும். பிறந்த குட்டிக்கு மயிர் கருத்திருக்கும். முகம் வெளிறிச் சுருங்கியிருக்கும். பிறந்த அன்றே அது நான்கு கைகால்களாலும் தாயின் வயிற்று மயிரை இறுகப் பற்றும். இவ்வளவும் நியாயத்தில் உள்ளபடியே உள்ளது.

ஆனால் நியாயத்தில் சொல்லாத பகுதியும் உண்டு. முதற் சில நாட்களில் குட்டியின் பிடி போதாது. தாய் ஒரு கையால் அதன் முதுகைத் தாங்கிக்கொண்டு மற்றை மூன்றினால் நடக்கிறது. தாவுமுன் குட்டியை ஒருமுறை வயிற்றோடு அணைத்துச் சரிசெய்துகொள்கிறது. குட்டி சற்று வளர்ந்து விலகி விளையாடப் புறப்பட்டால், வாலையோ காலையோ பற்றி இழுத்துத் தன்பால் வைத்துக்கொள்கிறது. எங்கிருந்தேனும் குட்டி வீறிட்டால் உண்ணுவதைப் போட்டுவிட்டு ஓடிவருகிறது. குட்டி பற்றுவதும் மெய். தாய் பற்றுவதும் மெய்.

இன்னும் ஒன்று உண்டு. குட்டி இறந்துபட்டால், சில மந்திகள் அதன் உடலை ஒரு நாள், இரண்டு நாள், சிலவேளை அதற்கும் மேலாகச் சுமந்து திரிகின்றன. இதனை நம் நாட்டுக் குரங்குகளிடமும் பிற தேசத்துக் குரங்குகளிடமும் ஆராய்ச்சியாளர் பலகாலும் கண்டு எழுதியுள்ளனர். இறந்த குட்டியின் கை எதனையும் பற்றாது. நடப்பதற்கு இடையூறாயிருந்தும், ஈ மொய்த்தும், உடல் வற்றிய பின்னும் அதனைப் பற்றியிருப்பது தாயின் கையே. மர்க்கட நியாயத்தை முதலில் வகுத்த பெரியார் இக்காட்சியையும் கண்டிருப்பாராயின் வாதம் எத்திசையிற் சென்றிருக்குமோ, அடியேன் அறியேன்.

குரங்கென்று பொதுவாகச் சொல்லுகிறோம். நம் முன்னோர் அவ்வாறு பொதுப்படச் சொல்லி அமையவில்லை. தொல்காப்பிய மரபியல் குரங்கு, முசு, ஊகம் என மூன்றைப் பிரித்துக் கூறி, அம்மூன்றன் பெண்ணுக்கும் மந்தி என்று பெயர் வைக்கிறது. ஆண் கடுவன் எனப்படும். குழவிக்குக் குட்டி, மகவு, பிள்ளை, பறழ், பார்ப்பு என்று பல பெயர்களை இசைவிக்கிறது. மகவும் பிள்ளையும் மனிதக் குழந்தைக்கு நாம் வழங்கும் சொற்கள் என்பதை ஈண்டு நோக்குக. சங்கச் செய்யுட்களிற் குரங்கின் முகம் சிவந்தது. முசுவின் முகமோ மை பூசினாற்போற் கரியது. ஊகத்தைக் கருங்குரங்கு என்பர்.

வடமொழியும் இதிற் குறைந்ததன்று. அமரகோசம் மனனம் செய்த பாடசாலைப் பிள்ளை ஒரே மூச்சில் ஒப்பிக்கும் பெயர்களுள் ப்லவங்கம் என்பது தாவிச் செல்வது. சாகாம்ருகம் என்பது கிளையில் வாழும் விலங்கு. வலீமுகம் என்பது சுருக்கம் விழுந்த முகத்தது. வாநரம் என்பதை, இது நரனோ என்று ஐயுறத்தக்கது எனப் பிரித்தும் பொருளுரைப்பர். ஸ்ரீமத் ராமாயணத்தில் வால்மீகி பகவான் வானர சேனையை வருணிக்குமிடத்து, கோலாங்கூலர் என்று ஒரு பிரிவினரைத் தனியே எடுத்துக் கூறுகிறார். பசுவின் வாலையொத்த நீண்ட வாலுடையார் என்பது பொருள். அவர்கட்குத் தலைவன் கவாக்ஷன். லாங்கூலமாவது வால். வடநாட்டார் கருமுகமுடைய நெடுவாற் குரங்கை லங்கூர் என்று அழைப்பது இச்சொல்லின் திரிபே. நம் முசு இதுவாம்.

வானரர் தேவாம்சமாகத் தோன்றினவர் என்று பாலகாண்டம் விரித்துரைக்கிறது. ஆதலின் அவர்களை மலைக்குரங்கோடு ஒன்றாக வைத்து எண்ணுதல் அபசாரம். ஆயினும் வால்மீகி குரங்கின் ஸ்வபாவத்தை மறைத்தாரல்லர். ராவணனுடைய அந்தப்புரத்தில் மண்டோதரியைக் கண்டு, பிராட்டி இவளே என்று ஒரு கணம் மயங்கிய திருவடி, மகிழ்ச்சி மிகுதியால் தோளைத் தட்டி, வாலை முத்தமிட்டு, தூணில் ஏறிக் குதித்தார் என்றும், அங்ஙனம் தம் குலத்தின் இயல்பைக் காட்டினார் என்றும் ஸுந்தர காண்டத்தில் வருகிறது. நவவ்யாகரண பண்டிதருக்கும் அந்த ஒரு கணம் கூடாதென்று ரிஷி நினைக்கவில்லை.

இக்கால ஆராய்ச்சியார் கொண்ட பகுப்பும் பழைய பகுப்போடு பெரிதும் ஒத்துவருகிறது. நம் கோயில்களிலும் சாலைகளிலும் காண்பது நாட்டுக்குரங்கு. உச்சந்தலையினின்றும் மயிர் வட்டமாய் நாற்புறமும் படிந்து குல்லாய் கவிழ்த்தாற்போல் இருத்தலின் குல்லாய்க் குரங்கு என்பதும் அதற்குப் பெயர். தென்னிந்தியாவையன்றி உலகில் வேறெங்கும் இது இயற்கையாக வாழ்வதில்லை. இதன் தாயாதியர் இருபதுக்கு மேற்பட்ட வகையினர். மொராக்கோவின் மலைகள் முதல் பனிபெய்யும் ஜப்பான் வரை அவர்கள் பரவியுள்ளனர். இலங்கையில் ஒரு வகை உண்டு. அதற்கும் தலையிற் குல்லாய் உண்டு. வட இந்தியாவில் ரீசஸ் என்னும் குட்டைவாற் குரங்கு வாழ்கிறது. இரத்தப் பரிசோதனைச் சீட்டில் ஆர்.எச். என்று இரண்டு எழுத்துக் காண்கிறோமே, அது 1940இல் இக்குரங்கின் பெயரால் வந்தது. 1955இல் வெளிவந்த இளம்பிள்ளைவாதத் தடுப்பு மருந்தைச் செய்வதற்கு இக்குரங்கின் சிறுநீரகத் திசுவே வளர்நிலமாயிற்று. அதன்பொருட்டு நம் தேசத்தினின்றும் பல்லாயிரக்கணக்கில் அவை கப்பலேறிச் சென்றன. 1978இல் அரசு அவ்வேற்றுமதியைத் தடைசெய்தது. போலியோவினால் கால் சூம்பாமல் நடக்கும் நம் பிள்ளைகள் அக்குரங்குகளுக்குப் பட்ட கடன் தீர்க்கத்தக்கதன்று.

மேற்குத் தொடர்ச்சி மலையின் அடர்ந்த சோலைகளில் சிங்கவால் குரங்கு இருக்கிறது. கரிய உடல், முகத்தைச் சூழ்ந்து நரைத்த பிடரிமயிர், வால்நுனியில் சிங்கத்துக்குப்போற் குஞ்சம். கேரளத்து அமைதிப் பள்ளத்தாக்கில் அணை கட்டாமல் 1983இல் கைவிட்டதற்கும், 1984இல் அது தேசியப் பூங்காவானதற்கும் இக்குரங்கைக் காக்க எழுந்த குரல் ஒரு முக்கிய காரணம். இது நமக்குத் தொலைவிலுள்ள செய்தி என்று எண்ணவேண்டா. மேகமலைச் சோலைகளிலும் இக்குரங்கு வாழ்கிறது. நம் வைகை பிறப்பது அந்த மேகமலை வருசநாட்டுப் பக்கத்தில்தான். அழகர் இறங்கும் ஆற்றுக்கு நீர் தேக்கி அனுப்பும் சோலையும் இக்குரங்கு வாழும் சோலையும் ஒரே மலையைச் சேர்ந்தவை. அதே மலைத்தொடரில் கருமந்தி என்னும் மற்றொரு முசுவினம் உண்டு. இதனைக் கொன்று கருங்குரங்கு லேகியம் என்று விற்ற கொடுமை 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தால் குற்றமாயிற்று. அந்த லேகியத்துக்கு வைத்ய சாஸ்த்ரத்தில் மகிமை கூறுவாருடன் அடியேன் வாதிட விரும்பவில்லை. அவர்கள் சட்டத்துக்கு விடை கூறட்டும்.

திண்டுக்கல்லுக்கு வடக்கே அய்யலூர், கடவூர் மலைகளில் வாழும் தேவாங்கைப் பலர் குரங்கென்று எண்ணுகின்றனர். அது குரங்குக்குத் தூரத்து உறவேயன்றிக் குரங்கன்று. இரவில் நடமாடிப் பூச்சிகளை உண்ணும் சாதுவான பிராணி. 2022ஆம் ஆண்டு அக்டோபரில் திண்டுக்கல், கரூர் மாவட்டங்களில் 11,806 ஹெக்டேர் பரப்பைத் தமிழக அரசு தேவாங்குச் சரணாலயமாக அறிவித்தது. இவ்வகையில் நாட்டிலேயே முதலாவது அது.

மீண்டும் நம் நாட்டுக்குரங்குக்கு வருவோம். மூன்றாம் திருவந்தாதியில் பேயாழ்வார் திருவேங்கட மலையில் ஒரு காட்சியைக் காட்டுகிறார். கடுவன் ஒன்று சுனைநீரில் தன் நிழலைக் காண்கிறது. வேறொரு கடுவன் என்று எண்ணிப் பின்வாங்குகிறது. பின்னர்க் கருத்த களாக்கனியை நோக்கிக் கையை நீட்டுகிறது. இதனை ஸேவிக்கும்போதெல்லாம் இதை ஒரு கற்பனை நயம் என்றே பலரும் கொள்வர். அஃது அவ்வாறன்று. 1970ஆம் ஆண்டு அமெரிக்க தேசத்துக் காலப் என்னும் அறிஞர் குரங்குகளின் முன் கண்ணாடி வைத்துப் பார்த்தார். சிம்பன்சி என்னும் வாலில்லாக் குரங்கு சில நாட்களில் அது தன்னுருவமே என உணர்ந்தது. நம் நாட்டுக்குரங்கின் இனத்தைச் சேர்ந்தவையோ, கண்ணாடியிற் கண்டதை வேறொரு குரங்கென்றே கொண்டன. ஆழ்வார் காட்டிய கடுவனும் அவ்வினத்ததே. திருவேங்கடம் நாட்டுக்குரங்கின் எல்லைக்குள் உள்ள மலை. ஆழ்வார் சுனைக்கரையில் கண்டதையே அறிஞர் கூண்டில் கண்டார்.

அக்கடுவன் கை நீட்டியது யாரிடம்? களாச்செடியிடம். மலையே அதற்கு மடைப்பள்ளி. இக்காலத்தில் அக்கை எதை நோக்கி நீள்கிறது என்பதே அடியேன் மிகுந்த மனவருத்தத்தோடு எழுத வந்த விஷயம்.

கர்நாடகத்துப் பந்திப்பூர்க் காட்டில் நடந்த ஓர் ஆய்வு 2018இல் வெளிவந்தது. அங்குள்ள நாட்டுக்குரங்குகளிற் சில, வழிச்செல்வாரை நோக்கி மெல்லக் குரல் கொடுத்து, அவர்கள் திரும்பிப் பார்த்ததும் கையை நீட்டி உணவு கேட்கின்றனவாம். இரப்பதென்பது குரங்கின் பிறவிக் குணமன்று, நம்மிடம் கற்றது. கற்பதில் இவை வல்லன. ஜப்பானில் கோஷிமா என்னும் தீவில் 1953இல் ஓர் இளமந்தி, மண் படிந்த சர்க்கரைவள்ளிக் கிழங்கை நீரிற் கழுவித் தின்னத் தொடங்கிற்று. அதைப் பார்த்து அதன் தாயும் தோழர்களும் கற்றனர். பின்னர்க் கூட்டத்திற் பரவியது. நல்லதைக் கற்பது போலவே அல்லதையும் கற்கும். பாலித் தீவில் உலுவாத்து என்னும் ஹிந்துக் கோயிலில் குரங்குகள் யாத்ரிகரின் மூக்குக் கண்ணாடி, தொப்பி, கைப்பேசி முதலியவற்றைப் பறித்துவைத்துக்கொண்டு, தின்பண்டம் கொடுத்தாலன்றித் திருப்பித் தருவதில்லை. எந்தப் பொருளை மனிதன் விட்டுக்கொடுக்கமாட்டான் என்பதையும் வளர்ந்த குரங்குகள் அறிந்து, அதனையே தேர்ந்து பறிக்கின்றன என்று 2021இல் வெளியான ஆய்வு கூறுகிறது. இது பண்டமாற்று வாணிபமேயன்றித் திருட்டன்று. கடை வைத்துக் கொடுத்தவர் யாத்ரிகர்.

நம் ஊரில் நடப்பதும் இதுவே. சனிக்கிழமைகளில் ஆஞ்சநேயர் ஸந்நிதியில் வடைமாலை ஸமர்ப்பித்த அன்பர், ப்ரஸாதத்தில் இரண்டை எடுத்து மதிலின்மேலுள்ள குரங்குக்கு நீட்டுகிறார். திருவடிக்கே நேரில் ஊட்டியதாக அவர் உள்ளம் குளிர்கிறது. அவ்வன்பைக் குறைகூற அடியேன் துணியேன். ஆனால் அச்செயலின் பயன் என்ன என்பதைச் சொல்லாமலிருப்பதும் தர்மமன்று. நாட்டுக்குரங்குக்குக் கன்னத்தின் உட்புறம் இரண்டு பைகள் உண்டு. கிடைத்ததை விரைந்து அதில் அடக்கிக்கொண்டு பிறகு தனியே போய் மெல்லுவது அதன் இயல்பு. ஆகையால் கையில் ஒன்று இருக்கும்போதே மற்றொன்றுக்குப் பாய்கிறது. நாம் அதைப் பேராசை என்கிறோம். இலையும் காயும் பழமும் பூச்சியும் தேடி நாள் முழுதும் அலையவேண்டிய விலங்குக்கு எண்ணெயும் உப்பும் சர்க்கரையும் ஓரிடத்திற் குவிந்தால், அது மலையேறுவதை விடுகிறது. மலையில் ஏறி அது பழம் தின்றால்தான் விதை மலையெங்கும் விழும். முசுவுக்கோ இனிப்புப் பண்டம் மேலும் கேடு. அதன் வயிறு பல அறைகளாக அமைந்து இலையைப் புளிக்கவைத்துச் செரிப்பது. சர்க்கரை சென்றால் அமிலம் மிகுந்து நோயுறும்.

அடுத்து நிகழ்வது எல்லார்க்கும் தெரிந்ததே. கொடுத்துப் பழகிய கை ஒருநாள் கொடாதபோது குரங்கு பிடுங்குகிறது, பிடுங்கவிடாதபோது கடிக்கிறது. குரங்கின் முகக்குறி அறியாமையாலும் கடிபடுவோர் பலர். வாய் திறந்து உற்றுப் பார்ப்பது எச்சரிக்கை. பெரிய கடுவன் கொட்டாவி விட்டால் உறக்கம் வந்தது என்று எண்ணவேண்டா, கோரைப்பல்லைக் காட்டுகிறது. உதடுகளை விரித்துப் பல் தெரிய இளித்தால், “பாருங்கள், சிரிக்கிறது” என்று குழந்தையை அருகே கொண்டுபோகிறார்கள். அஞ்சிய குரங்கின் முகம் அது. அஞ்சியதை மேலும் நெருங்கினால் விளைவதென்ன?

கடிபட்டவர்கள் முறையிடுகிறார்கள். கூண்டு வருகிறது. கூட்டத்தில் அகப்பட்ட பத்தோ இருபதோ குரங்குகளை வண்டியிலேற்றி எங்கோ ஒரு மலையில் விட்டுவருகிறார்கள். மந்திகள் பிறந்த கூட்டத்திலேயே வாழ்நாள் முழுதும் இருப்பவை. தாய்க்கு அடுத்த வரிசை மகளுக்கு என்று அங்கே ஒரு ராஜ்யம் நடக்கிறது. பருவமெய்திய கடுவன்கள் மட்டுமே பிற கூட்டம் தேடிப் பெயரும். இந்த அமைப்பை நடுவிற் பிளந்து பாதியை அயல் மலையில் விட்டால், அங்கே முன்னமே உள்ள கூட்டம் அவற்றைச் சேர்த்துக்கொள்வதில்லை. அவை உணவறியாது அடுத்த ஊருக்குள் இறங்கும், அவ்வூரார் முறையிடுவர், மறுபடியும் கூண்டு. மனிதனிடம் உண்டு பழகிய குரங்கைக் காட்டுக்குள் விடுதல், அதன் நோயையும் பழக்கத்தையும் சேர்த்தே விடுதலாகும். சட்டப்படியும் தனியார் குரங்கைப் பிடிப்பதோ கொல்வதோ குற்றம். வனத்துறையின் இசைவு வேண்டும்.

எங்கும் குரங்கு பெருகிவிட்டது என்று சொல்லக் கேட்கிறோம். நாட்டுக்குரங்கைப் பொறுத்தவரை உண்மை வேறு. மைசூரைச் சுற்றிய சாலைகளில் நெடுங்காலம் தொடர்ந்து எண்ணிவந்த ஆராய்ச்சியார், இருபத்தைந்து ஆண்டுகளில் அவற்றின் தொகை பாதிக்கும் மேலாகக் குறைந்ததாக 2017இல் எழுதினர். முன்பு கவலைப்படத் தேவையற்றது என்று வைத்திருந்த இவ்வினத்தை, அழியும் நிலைக்கு உள்ளாகக்கூடியவற்றின் வரிசையில் உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2020இல் சேர்த்தது. குறைவுக்குக் காரணங்களுள் முதன்மையானது சாலையோர ஆலும் அரசும் அத்தியும் வெட்டுண்டமை. வடக்கிலிருந்து ரீசஸ் குரங்கு தெற்கே பரவி இதன் இடத்தைப் பிடித்துவருவதும் மற்றொன்று.

சமயநல்லூரில் இதனை விளக்க நூல் வேண்டா. அடியேன் இளைஞனாயிருந்தபோது மதுரையிலிருந்து வாடிப்பட்டி நோக்கிச் செல்லும் திண்டுக்கல் சாலையில் இருமருங்கும் புளியமரங்கள் கைகோத்து நின்றன. பேருந்தின் ஜன்னலுக்கு வெயில் வராது. அம்மரங்களில் குரங்குக் கூட்டங்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தன. யாரும் அவற்றுக்குப் பழம் வாங்கிப் போட்டதில்லை, அவையும் யாருடைய பையையும் பறித்ததில்லை. நாற்கரச் சாலை வந்தது, மரங்கள் போயின. சாலை வேண்டியதுதான், ஆஸ்பத்திரிக்கு விரைந்து செல்வோருக்கு அதன் அருமை தெரியும். ஆனால் மரம் போன இடத்தில் குரங்கு எங்கே போகும் என்று அன்று யாரும் கேட்டதாக நினைவில்லை. அது வீட்டு மாடிக்கு வந்தது. வந்ததும், குரங்குத் தொல்லை என்று பெயர் வைத்தோம்.

திருவடிக்கு ஊட்டுவதாக எண்ணுவோர் ஸுந்தர காண்டத்தின் முதல் ஸர்க்கத்தை நினைத்துப் பார்க்கலாம். கடல் கடக்கும் வழியில் மைநாக மலை எழுந்து நின்று, இளைப்பாறிக் கனியும் கிழங்கும் உண்டு செல்லுமாறு உபசரித்தது. அவர் உண்டாரில்லை. மலையின் அன்பை மதித்து அதனைக் கையால் தொட்டுவிட்டு மேலே சென்றார். வடைமாலை அவருக்கு உகந்தது. அது ஸந்நிதிக்குள்ளேயே அவருக்குச் சேர்ந்துவிட்டது. அதன்பின் அது பக்தர்களுக்குரிய ப்ரஸாதம். மதிலின்மேல் இருப்பதற்கு உரியது மலையிலும் மரத்திலும் இருக்கிறது, அல்லது இருக்கவேண்டும்.

எனவே இவ்வுத்ஸவ காலத்தில் அன்பர்களிடம் அடியேன் வேண்டுவன சில. ப்ரஸாதத் தொன்னைகளையும் தின்பண்ட உறைகளையும் மூடியுள்ள தொட்டியிலன்றி வேறெங்கும் இடாதீர்கள். உப்புச் சுவை ஒட்டிய பிளாஸ்டிக் உறையைக் குரங்கு விழுங்குவதை அடியேன் பலமுறை கண்டிருக்கிறேன். தேங்காய் மூடியைக் கையிற் பிடித்துக்கொண்டு வெளியே வராமல் பைக்குள் வைத்துக் கட்டிக்கொள்ளுங்கள். குரங்கு எதிர்ப்பட்டால் கண்ணோடு கண் நோக்காமல், ஓடாமல், பக்கவாட்டில் விலகி நடங்கள். குட்டியோடிருக்கும் மந்தியின் அருகே பிள்ளைகளை விடாதீர்கள். கடித்தாலோ கீறினாலோ மஞ்சளும் சுண்ணாம்பும் அப்பிக் காத்திராமல், ஓடும் நீரில் சோப்பிட்டுக் கால்மணி நேரம் கழுவி, அன்றே அரசு மருத்துவமனைக்குச் சென்று வெறிநோய்த் தடுப்பூசி போட்டுக்கொள்ளுங்கள். மந்திரித்தல் வேண்டுமென்பார் ஊசி போட்டுக்கொண்ட பின்னர் வரலாம்; அடியேன் மறுக்கமாட்டேன்.

கோயிலுக்குக் குரங்குகளின் பொருட்டுப் பழக்குலை கொண்டுவரும் கைங்கர்யபரர்கள் சிலர், அப்பணத்தை வேறு எதில் இடலாம் என்று கேட்டனர். ஊர்க் குடியிருப்புக்கு அப்பால் கண்மாய்க் கரையில் இடம் இருக்கிறது. ஆடியில் காற்றடங்கி முதல் மழை விழுந்ததும் ஆலும் இச்சியும் போத்து நடலாம். அத்தியும் நாவலும் கன்றாகக் கிடைக்கும். இளங்கன்றை ஆடு கடியாமல் முள்ளடைத்து, இரண்டு கோடைக்குத் தண்ணீர் ஊற்றுவோர் வேண்டும். அதற்குப் பெயர் கொடுத்தவர் இதுவரை பதினொருவர். இவற்றின் இடையிடையே வேலியாகக் களாச்செடி வைப்பதாக ஏற்பாடு. களா வறட்சி தாங்கும். மூன்றாம் ஆண்டில் காய்க்கத் தொடங்கும்.